வேலி போதாது, விதை வேண்டும்

உலகம் முழுவதும் தேடினாலும் ஒரே ஒரு செடி. அது பட்டுப்போனால் அந்த இனமே பூண்டோடு அற்றுப்போகும். 1980ஆம் ஆண்டை ஒட்டி ஒரு பூஞ்செடிக்கு அப்படி ஒரு நிலை வந்தது.

அதைக் காப்பாற்ற வேலி போட்டார்கள். வேலியைத் தாண்டி வந்து இலையையும் கிளையையும் ஒடித்துக்கொண்டு போனார்கள். இன்னொரு வேலி போட்டார்கள். அதற்கும் அதே கதி. கடைசியில் அந்தச் செடியின் சிறு கொம்பு ஒன்று ஆகாய விமானம் ஏறி லண்டன் போயிற்று. அங்கே பிழைத்தது. தளிர்த்தது. பூத்தது. ஆனால் காய்க்கவில்லை. ஆண்டுக்கணக்கில் காய்க்கவே இல்லை.

உயிரோடு இருப்பது வேறு. வம்சம் தழைப்பது வேறு. இந்த உண்மையை அந்தச் செடியைப் போல எடுத்துக்காட்டியது வேறு எதுவும் இல்லை.

அதன் பெயர் 'கஃபே மாரோன்'. கஃபே என்றால் காப்பி. மாரோன் என்றால் கட்டுக்கு அடங்காமல் காட்டில் திரிவது. 'காட்டுக் காப்பி' என்று தமிழில் சொல்லலாம். வெள்ளை வெளேர் என்று நட்சத்திரம் போல் பூக்கும் அழகான செடி. காப்பிச் செடி, வெட்சி என்கிற இட்லிப்பூ, நுணா ஆகியவை சேர்ந்த அதே குடும்பம்தான் இதற்கும்.

தீவு எங்கே இருக்கிறது?

இந்து மகா சமுத்திரத்தில் மொரீஷியஸ் என்று ஒரு தீவு நாடு இருக்கிறது. தமிழர்களுக்கு அது புதிய பெயர் அல்ல. கரும்புத் தோட்டங்களில் வேலை செய்யக் கப்பல் ஏறிப் போன தமிழர்களின் சந்ததி இன்றும் அங்கே வாழ்கிறது. அந்த நாட்டு ரூபாய் நோட்டில் தமிழ் எழுத்தும் இருக்கிறது.

அந்த மொரீஷியஸ் தீவிலிருந்து கிழக்கே சுமார் 350 மைல் போனால் ஒரு சின்னத் தீவு வரும். அதுதான் ரோட்ரிக்ஸ். மொரீஷியஸ் நாட்டைச் சேர்ந்தது. நீளம் சுமார் 11 மைல். அகலம் சுமார் 5 மைல். எரிமலைப் பாறையால் ஆன தீவு. நான்கு பக்கமும் கடல்.

கடல் சூழ்ந்த தீவுக்கு ஒரு விசேஷம் உண்டு. அங்கே எப்படியோ வந்து சேர்ந்த செடியும் பறவையும் லட்சக்கணக்கான ஆண்டுகள் தனியாகவே வளரும். மெல்ல மெல்ல உருவம் மாறும். கடைசியில் உலகில் வேறு எங்கும் இல்லாத புது இனம் ஆகிவிடும். கஃபே மாரோன் அப்படி உண்டான செடி. ரோட்ரிக்ஸைத் தவிர வேறு எந்த மண்ணிலும் அது தானாக முளைத்தது இல்லை.

1691ஆம் ஆண்டு பிரெஞ்சுக்காரர் சிலர் அந்தத் தீவில் போய் இறங்கினார்கள். மத வெறுப்பால் சொந்த நாட்டை விட்டு ஓடி வந்தவர்கள் அவர்கள். பிரான்சுவா லெகா என்பவர் அவர்களில் ஒருவர். இரண்டு ஆண்டு அங்கே தங்கியவர், பிறகு தாம் கண்டதைப் புத்தகமாக எழுதினார். தீவு முழுவதும் மரம் அடர்ந்திருந்ததாம். பெரிய பெரிய ஆமைகள் கூட்டம் கூட்டமாக இருந்தனவாம். தரையில் கால் வைக்காமல், ஆமை முதுகு மேலேயே நூறு அடி வைத்து நடந்துவிடலாம் என்று அவர் எழுதியிருக்கிறார். 'சாலிட்டேர்' என்ற பெரிய பறவையையும் கண்டார். அதற்குப் பறக்கத் தெரியாது.

பிறகு வந்தவர்கள் ஆமைகளை ஆயிரக்கணக்கில் கப்பலில் ஏற்றினார்கள். கறிக்குத்தான். அந்த ஆமை இனம் அழிந்தது. சாலிட்டேர் பறவையும் 18ஆம் நூற்றாண்டிலேயே அழிந்தது. காட்டை வெட்டினார்கள். ஆட்டையும் மாட்டையும் கொண்டுவந்து விட்டார்கள். உண்ணிச்செடி போன்ற அந்நியச் செடிகள் வந்து பரவின. தீவுக்கே உரிய செடிகள் ஒவ்வொன்றாக மறைந்தன.

ஆமையை ஏமாற்றிய இலை

கஃபே மாரோனுக்கு ஒரு வினோதம் உண்டு. சின்னக் கன்றாக இருக்கும்போது அதன் இலை நீண்டு குறுகிப் பழுப்பாக இருக்கும். பார்த்தால் காய்ந்த சருகு போல் தோன்றும். செடி உயர்ந்து வளர்ந்ததும் இலை அடியோடு மாறிவிடும். அகலமாக, பச்சைப் பசேல் என்று பளபளக்கும். கன்றையும் வளர்ந்த செடியையும் பக்கத்தில் வைத்தால் இரண்டும் ஒரே செடி என்று யாரும் சொல்லமாட்டார்கள்.

ஏன் இந்த வேஷம்? ஆமைக்காகத்தான் என்று ஆராய்ச்சிக்காரர்கள் கருதுகிறார்கள். ஆமை தழை தின்னும் பிராணி. கழுத்து எட்டும் உயரத்தில் உள்ளதைத் தின்னும். கன்றின் இலை சருகு போல் இருந்தால் அதைத் தீண்டாது. ஆமைக்கு எட்டாத உயரம் வந்த பிறகு செடிக்குப் பயம் இல்லை. அப்போது பச்சை இலை விடுகிறது.

ஆமைக்கு எதிராகத் தன்னைக் காத்துக்கொள்ளத் தெரிந்த செடிக்கு ஆட்டுக்கு எதிராக ஒன்றும் தெரியவில்லை. ஆடு அதற்குப் புது எதிரி. கோடரி அதைவிடப் புதிய எதிரி. லட்சக்கணக்கான ஆண்டுகள் பாடுபட்டுக் கற்ற வித்தை, மனிதன் வந்து இறங்கிய சில நூறு ஆண்டுகளில் பயன் அற்றுப் போயிற்று.

வகுப்பில் காட்டிய படம்

1870களில் ரோட்ரிக்ஸுக்கு விஞ்ஞானிகள் வந்தார்கள். 1874ஆம் ஆண்டு சுக்கிரன் சூரியனைக் கடந்து போகும் காட்சியைப் பார்க்க வந்த கூட்டம் அது. அவர்களுடன் வந்த பால்ஃபர் என்ற தாவர ஆராய்ச்சியாளர் தீவின் செடிகளை எல்லாம் ஏட்டில் பதிந்தார். அன்றைக்கே பல செடிகள் அரிதாகிவிட்டன. 1940களுக்குப் பிறகு கஃபே மாரோனை யாரும் பார்க்கவில்லை. 'இது அழிந்துவிட்டது' என்று முடிவு கட்டிவிட்டார்கள்.

அப்புறம்தான் அந்த அதிசயம் நடந்தது. ரோட்ரிக்ஸில் ஒரு பள்ளி ஆசிரியர் தம் மாணவர்களுக்குத் தீவின் அபூர்வச் செடிகளைப் பற்றிப் பாடம் நடத்தினார். பழைய படத்தைக் காட்டினார். "இப்படிப்பட்ட செடிகளைத் தேடிப் பாருங்கள்" என்று வேலை கொடுத்தார்.

ஒரு பையன் ஒரு கொப்பை ஒடித்துக்கொண்டு வந்தான். சாலை ஓரத்தில் நின்ற செடியிலிருந்து எடுத்தது. ஆடு மேய்ந்து, ஆள் ஒடித்து, பூச்சி அரித்து, மெலிந்து நின்ற செடி. ஆசிரியருக்குச் சந்தேகம். மாதிரியை இங்கிலாந்துக்கு அனுப்பிக் கேட்டார்கள். பதில் வந்தது: 'அழிந்துவிட்டதாக நினைத்த அதே செடிதான்!'

அந்தச் சாலை வழியே எத்தனையோ பேர் நாள்தோறும் போய் வந்திருப்பார்கள். எல்லார் கண்ணிலும் அது பட்டிருக்கும். ஆனால் படத்தைப் பார்த்த பையனுக்குத்தான் அது இன்ன செடி என்று தெரிந்தது. பெயர் தெரியாதவனுக்குக் காட்டில் உள்ளது எல்லாம் வெறும் பச்சை. பெயர் தெரிந்தவனுக்கு ஒவ்வொன்றும் ஒரு முகம்.

1982ஆம் ஆண்டு இந்தச் செடிக்கு 'ராமோஸ்மேனியா' என்ற விஞ்ஞானப் பெயர் சூட்டப்பட்டது. சூட்டியவர்கள் இருவர். ஒருவர் இங்கிலாந்தின் வெர்ட்கோர்ட். மற்றவர் மொரீஷியஸ் தாவர இயல் அறிஞர் திர்வெங்கடம். திருவேங்கடம் என்ற பெயர்தான் கடல் கடந்து போய் அப்படி ஆயிற்று.

வேலிக்கு மேல் வேலி

செடி கிடைத்த செய்தி தீவு முழுவதும் பரவியது. அங்கேதான் ஆபத்தும் தொடங்கியது. கஃபே மாரோன் ஒரு மூலிகை என்பது தீவு மக்களின் நம்பிக்கை. சில நோய்களுக்கும், குடித்துவிட்டுத் தலைவலியோடு எழுபவர்களுக்கும் அதன் கஷாயம் நல்லது என்று பெரியவர்கள் சொல்லி வைத்திருந்தார்கள். உடனே இலைக்கும் கிளைக்கும் ஆள் வந்தது. வேலி போட்டார்கள். வேலிக்கு மேல் வேலி போட்டார்கள். அப்படியும் ஒடிப்பது நிற்கவில்லை.

ஒடித்தவர்களைத் திட்டுவது சுலபம். ஆனால் சற்று யோசித்துப் பார்க்க வேண்டும். அவர்கள் மரக்கட்டை திருடும் கூட்டத்தார் அல்ல. பாட்டன் சொன்ன மருந்தைத் தேடி வந்த ஏழைகள். அந்தச் செடி உலகில் ஒன்றே ஒன்று என்றால் எவ்வளவு பெரிய விஷயம் என்று அவர்களுக்கு யாரும் உட்காரவைத்துச் சொல்லவில்லை. வீட்டுக்கு ஒரு கன்று கொடுக்கவும் வழியில்லை. கொடுக்க முடிந்திருந்தால் யார் வேலி தாண்டப்போகிறார்கள்? வீட்டு முற்றத்தில் துளசி இருப்பவன் அடுத்தவன் வேலியைத் தாண்டித் துளசி பறிப்பதில்லை.

வேலி ஆட்டைத் தடுக்கும். மனிதனின் தேவையைத் தடுக்காது.

கடல் கடந்த கொம்பு

1986ஆம் ஆண்டு, செடியிலிருந்து சில கொம்புகளை வெட்டி விமானத்தில் லண்டனுக்கு அனுப்பினார்கள். லண்டனில் கியூ என்ற இடத்தில் அரச தாவரத் தோட்டம் இருக்கிறது. உலகின் பல மூலைகளிலிருந்து வந்த செடிகளை அங்கே கண்ணாடி வீடுகளில் வளர்க்கிறார்கள். குளிர் நாட்டில் வெப்ப நாட்டுச் செடியை வளர்க்க அதுவே வழி.

போன கொம்புகளில் ஒன்று வேர் பிடித்தது. அதிலிருந்து மேலும் கொம்பு வெட்டி நட்டார்கள். ஒன்று பலவாயிற்று. 'இனிப் பயம் இல்லை' என்று எல்லாரும் மூச்சு விட்டார்கள்.

ஆனால் ஒரு விஷயம். முருங்கைப் போத்தை ஒடித்து நட்டால் என்ன வளரும்? அதே முருங்கை வளரும். அது மகன் முருங்கை அல்ல. தாய் முருங்கையின் ஒரு துண்டுதான். தாய்க்கு உள்ள பலம் அதற்கும் உண்டு. தாய்க்கு உள்ள பலவீனமும் உண்டு. ஒரு நோய் வந்து ஒன்றைத் தாக்கினால் அத்தனையையும் தாக்கும். கியூ தோட்டத்தில் இருந்த கஃபே மாரோன் எல்லாம் அந்தச் சாலை ஓரத்து ஒற்றைச் செடியின் துண்டுகளே. பத்து தொட்டி இருந்தாலும் கணக்குக்கு ஒரு செடிதான்.

அப்பனும் அம்மாவும் சேர்ந்து பிள்ளை பிறப்பது போல, மகரந்தமும் சூலும் சேர்ந்தால்தான் விதை. விதையில் வரும் கன்றுதான் புதுப் பிறவி. அதற்குத்தான் தாயிடம் இல்லாத புதுக் குணம் வர இடம் உண்டு. கஃபே மாரோன் ஆண்டு முழுவதும் பூத்துக் குலுங்கியது. ஒரு பூவும் காயாகவில்லை. இப்படிப்பட்ட செடிகளை விஞ்ஞானிகள் 'உயிரோடு இருக்கும் பிணம்' என்று குறிப்பிடுவது உண்டு. கேட்கக் கடுமையான சொல்தான். ஆனால் பொய் இல்லை.

கத்தி முனையில் பிறந்த காய்

1986 போயிற்று, 1990 போயிற்று, 2000மும் போயிற்று. கியூ தோட்டத்துக்கு ஸ்பெயின் நாட்டிலிருந்து கார்லோஸ் மக்தலேனா என்ற தோட்டக்கலைஞர் வந்து சேர்ந்தார். 'பூக்கிறது, ஏன் காய்க்கவில்லை?' என்ற கேள்வி அவரை விடவில்லை.

பூவின் நடுவே நீண்டு நிற்கும் தண்டின் நுனிக்குச் சூலகமுடி என்று பெயர். மகரந்தப் பொடி அங்கே விழுந்து முளைவிட்டு, தண்டு வழியே கீழே இறங்கிச் சூலைச் சேர வேண்டும். அப்போதுதான் காய் பிடிக்கும். இந்தச் செடியில் பொடி நுனியோடு நின்றுவிட்டது. வாசலில் கதவு சாத்தியிருந்தது என்று வைத்துக்கொள்ளலாம்.

கதவை எடுத்துவிட்டால்? மக்தலேனா கூரிய கத்தியால் அந்த நுனியைச் சீவினார். வெட்டிய இடத்தில் நேரே மகரந்தத்தைத் தடவினார். ஒரு பூவில் அல்ல. இரண்டு பூவில் அல்ல. பலிக்கவில்லை என்று கைவிடவும் இல்லை. மறுபடி மறுபடி செய்தார். 2003ஆம் ஆண்டு ஒரு பூ காயாயிற்று. காய்க்குள்ளே விதை இருந்தது!

கொம்பு வந்து சேர்ந்து 17 ஆண்டுக்குப் பிறகு கிடைத்த வெற்றி அது. விதையில் முளைத்த கன்றுகள் வளர்ந்து பூத்தபோது இன்னோர் ஆச்சரியம் காத்திருந்தது. சில கன்றுகளின் பூ தாய்ச் செடியின் பூவைப் போல இல்லை. அந்தப் பூக்கள் காய்க்கும் பூக்கள்! சாலை ஓரத்துச் செடி ஆண் தொழில் செய்யும் பூவையே பூத்தது. அதற்குத் துணை இல்லை. அதன் பிள்ளைகளில் அந்தத் துணை பிறந்தது. பிறகு விதைக்குப் பஞ்சம் இல்லை. அந்த விதைகள் தாயகமான ரோட்ரிக்ஸுக்கே திரும்பிப் போயின.

ஒரு செடிக்காகவா இத்தனை பாடு?

'மனிதனுக்கே ஆயிரம் கஷ்டம் இருக்கிறது. ஒரு செடிக்காக விமானமும் கண்ணாடி வீடும் தேவையா?' என்று சிலர் கேட்கலாம். நியாயமான கேள்விதான். பதிலும் நியாயமாக இருக்க வேண்டும். கஃபே மாரோனை வறுத்து அரைத்துக் காப்பி போடலாம் என்று யாரும் சொல்லவில்லை. நாளைக்கே அது பெரிய மருந்தாகும் என்று வாக்குக் கொடுக்கவும் முடியாது.

ஆனால் ஒன்றைக் கவனிக்க வேண்டும். காப்பாற்றுவதற்கு ஆன செலவு எல்லாம் எதனால் வந்தது? காலம் கடந்ததால் வந்தது. ஆயிரம் செடி இருந்த காலத்தில் ஆட்டைக் கட்டிவைத்திருந்தால் போதும். நூறு செடி இருந்த காலத்தில் ஒரு வேலி போதும். ஒன்றே ஒன்று ஆனபின் விமானம் வேண்டியதாயிற்று. பல பேரின் உழைப்பும் 17 ஆண்டுப் பொறுமையும் வேண்டியதாயிற்று. அதன் பிறகும் அதிர்ஷ்டம் வேண்டியிருந்தது. அந்தப் பையன் அன்று வேறு சாலையில் போயிருந்தால் கதை அதோடு முடிந்திருக்கும்.

சாலிட்டேர் பறவைக்கு அந்த அதிர்ஷ்டம் இல்லை. இன்றைக்கு உலகத்துப் பணம் முழுவதையும் கொட்டினாலும் ஒரு சாலிட்டேர் முட்டை கிடைக்காது. பறவைக்குப் போத்து நட முடியாது.

இன்னொன்றும் உண்டு. ரோட்ரிக்ஸ் தண்ணீர்த் தட்டுப்பாடு உள்ள தீவு. மலைச் சரிவில் மரமும் புதரும் இல்லாவிட்டால் மழைநீர் மண்ணையும் அடித்துக்கொண்டு கடலுக்கு ஓடும். மண்ணைப் பிடித்து நிறுத்த, அந்த மண்ணையே அறிந்த செடிகள் வேண்டும். ஒரு செடியால் காடு ஆகாது, உண்மைதான். ஆனால் காடு ஒவ்வொரு செடியாகத்தான் போயிற்று. திரும்புவதும் ஒவ்வொரு செடியாகத்தான் திரும்ப வேண்டும். அந்த வேலை ரோட்ரிக்ஸில் நடக்கிறது. அந்நியச் செடிகளைக் களைந்து தீவின் சொந்தச் செடிகளை நடுகிறார்கள். 2007ஆம் ஆண்டு முதல் அங்கே ஒரு காப்பகத்தில் வேறு தீவுகளைச் சேர்ந்த ராட்சத ஆமைகளையும் கொண்டுவந்து வளர்க்கிறார்கள். அந்தக் காப்பகத்துக்கு லெகாவின் பெயரையே வைத்திருக்கிறார்கள்.

ஆபத்து இன்னும் தீரவில்லை

இத்தனைக்குப் பிறகும் கஃபே மாரோன் மிகக் கடுமையான ஆபத்தில் உள்ள செடி என்ற பட்டியலில்தான் இருக்கிறது. நாற்றங்காலில் கன்று இருப்பது பாதிக் கிணறு தாண்டிய கதைதான். மனிதன் தண்ணீர் ஊற்றாமல், மனிதன் கத்தி எடுக்காமல், சொந்த மண்ணில் தானாகக் காய்த்து, விதை விழுந்து, முளைத்து வரவேண்டும். அன்றைக்குத்தான் அது பிழைத்தது என்று சொல்லலாம்.

ஆகவே செய்ய வேண்டியது தெளிவாக இருக்கிறது. கிடைத்த விதையை ஒரே இடத்தில் பூட்டி வைக்கக்கூடாது. பல இடத்தில் பரப்ப வேண்டும். தீவு மக்களின் கையிலேயே கன்றைக் கொடுக்க வேண்டும். 'இது எங்கள் செடி' என்று சொல்ல நூறு வீடு இருந்தால் அந்த நூறு வீடும் வேலிதான். அந்த வேலியை யாரும் தாண்டமாட்டார்கள்.

இது ரோட்ரிக்ஸுக்கு மட்டும் சொல்லும் புத்தி அல்ல. எந்த ஊரிலும் பாட்டிக்கு நாற்பது செடியின் பெயர் தெரியும். பேரனுக்கு நாலு தெரிந்தால் பெரிது. பெயர் மறந்த செடியை வெட்டும்போது கை கூசாது. அது காணாமல் போனாலும் யாரும் தேடமாட்டார்கள். ஊருக்கு ஊர் அரிதாகிவரும் செடி ஏதாவது ஒன்று இருக்கத்தான் செய்யும். அது நூறாக இருக்கும்போதே விதை எடுத்து வைப்பது அறிவுடைமை.

ஆசிரியர்களுக்கு இதில் பெரிய பங்கு உண்டு. ரோட்ரிக்ஸ் பையனிடம் பூதக்கண்ணாடி இல்லை, பட்டம் இல்லை. ஆசிரியர் காட்டிய படம் ஒன்று மனத்தில் இருந்தது. அவ்வளவே. அதுதான் ஓர் இனத்தைக் காப்பாற்றியது. அவரவர் ஊர்ச் செடிகளின் படத்தை அவரவர் ஊர்ப் பள்ளிச் சுவரில் மாட்டி, அடியில் பெயரை எழுதி வைக்க அதிகச் செலவு ஆகாது. ஓர் அட்டையும் நாலு ஆணியும் போதும்.